யோரிஸ் இவன்ஸின் ‘மழை’ (1929): சத்தத்தோடு பார்ப்பதா, சத்தமில்லாமலா?

ஈரமண் | ஞாயிறு, இரவு 10.42

எல்லோருக்கும் வணக்கம். பத்து நாளாக ஒரே படம் மனதை விட்டுப் போக மாட்டேன் என்கிறது. ஆம்ஸ்டர்டாமில் எடுத்து 1929-இல் வெளிவந்த ‘மழை’. டச்சில் ‘ரேகன்’. யோரிஸ் இவன்ஸும் மன்னுஸ் ஃபிராங்கனும் சேர்ந்து எடுத்தது. ஏறத்தாழ 12 நிமிடம். கதை கிடையாது, வசன அட்டை ஒன்றுகூடக் கிடையாது. வெயில் அடிக்கிறது, காற்று கிளம்புகிறது, மேகம் கூடுகிறது, கால்வாய்த் தண்ணீரில் முதல் சொட்டு விழுகிறது, ஊர் நனைகிறது, மழை விடுகிறது. அவ்வளவுதான்.

அந்த முதல் சொட்டுக்குப் பிறகு ஒருவர் உள்ளங்கையை நீட்டிப் பார்ப்பார். பார்த்துவிட்டுக் கோட்டுக் காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டு நடையைக் கட்டுவார். அப்புறம் குடைகள். ஒன்று, இரண்டு, பிறகு தெரு முழுக்கக் கறுப்புக் குடைகள். டிராம் கண்ணாடியில் நீர் கோடு கோடாக இறங்குகிறது. ஓட்டில் விழுந்த மழை தகரக் குழாய் வழியே வடிகிறது. இதையெல்லாம் நாமும் ஆயிரம் முறை பார்த்தவர்கள்தான், ஆனாலும் கண்ணை எடுக்க முடியவில்லை.

கேள்விக்கு வருகிறேன். எனக்குப் பிழைப்பு கல்யாண வீடியோ எடிட்டிங். நான் பார்த்த பிரதியில் பியானோ இசை இருந்தது. படத்துக்கு ஒட்டவில்லை என்று தோன்றியதால் அதை ம்யூட் செய்துவிட்டு, எங்கள் வீட்டுப் பின்கட்டில் நானே பதிவு செய்து வைத்திருந்த மழைச் சத்தத்தை டைம்லைனில் போட்டுப் பார்த்தேன். பிரமாதமாக இருக்கும் என்றுதான் நினைத்தேன். படம் சின்னதாகிப் போனது. சத்தம் ஒரே மழையாகப் பெய்துகொண்டிருக்கிறது. படத்திலோ ஷாட்டுக்கு ஷாட் மழை வேறு. தண்ணீரில் ஊசி குத்துகிற மழை ஒன்று, கல் பாவிய தெருவில் தெறிக்கிற மழை ஒன்று, கண்ணாடியில் ஊர்கிற மழை ஒன்று. என் சத்தம் எல்லாவற்றையும் ஒரே வாளியில் ஊற்றிவிட்டது.

சரி, இசையும் வேண்டாம், சத்தமும் வேண்டாம் என்று வெறுமனே பார்த்தேன். அதுதான் நன்றாக இருந்தது. ஆனால் மௌனப் படங்களை அந்தக் காலத்தில் யாரும் மௌனமாகப் பார்க்கவில்லை என்று இந்தக் குழுவிலேயே பலமுறை படித்திருக்கிறேன். அப்படியானால் நான் பார்ப்பது தவறா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ரீல்பெட்டி | திங்கள், காலை 6.15

அம்மா ஈரமண், சத்தத்துக்கு முன்னால் வேகத்தைக் கவனியுங்கள். முப்பது வருடத்துக்கு மேல் ஆபரேட்டராக இருந்தவன் நான். டூரிங் கொட்டகையில் கார்பன் குச்சி மாற்றுவதில் தொடங்கிய வேலை. எண்பதுகளில் ஒரு திரைப்படச் சங்கத்துக்கு ஞாயிற்றுக்கிழமைகளில் 16 எம்எம் புரொஜெக்டர் ஓட்டிக் கொடுப்பேன். இந்த ‘மழை’யை அங்கேதான் முதலில் பார்த்தேன்.

பெட்டி வந்தது, ரீலை மாட்டினேன், வழக்கம்போல ஓட்டினேன். திரையில் ஜனங்கள் எறும்பு மாதிரி விறுவிறுவென்று ஓடுகிறார்கள். கூட்டத்தில் சிரிப்பு. அப்போதுதான் உறைத்தது. அந்த மெஷினில் பக்கவாட்டில் ஒரு சுவிட்ச் இருக்கும்: ‘சவுண்ட்’, ‘சைலன்ட்’. சவுண்டில் வினாடிக்கு 24 ஃபிரேம், சைலன்டில் 18. படம் ஓட ஓடத் திருப்பிவிட்டேன். மோட்டார் சுதி இறங்கியது. திரையில் மனிதர்கள் மனிதர்களாக நடந்தார்கள். அதைவிட, தண்ணீர் மாறிவிட்டது. அதுவரை கால்வாய் மேல் வெறும் புள்ளி புள்ளியாகத் தெரிந்தது. இப்போது ஒவ்வொரு புள்ளியும் ஒரு வளையமாக விரிந்து, பக்கத்து வளையத்தைத் தொட்டுக் கரைவது தெரிந்தது. சிரிப்பு நின்றுவிட்டது.

ஊமைப் படக் காலத்தில் இத்தனை ஃபிரேம் என்று ஒரு சட்டம் கிடையாது. எடுப்பவர் கை ஒரு வேகம், ஓட்டுபவர் கை ஒரு வேகம். ஒலி வந்த பிறகுதான் 24 என்று கட்டிப் போட்டார்கள். படம் கொஞ்சம் முன்னே பின்னே ஓடினால் கண் பொறுத்துக்கொள்ளும். பாட்டுக்காரர் குரல் ஏறி இறங்கினால் காது ஒரு கணம் பொறுக்காது.

இன்னொன்று. பழைய ஊமைப் பட ஃபிரேம், பிலிமின் அகலம் முழுவதையும் எடுத்துக்கொள்ளும். ஒலி வந்ததும் அந்த அகலத்தில் ஒரு பட்டையைச் சவுண்ட் டிராக்குக்கு விட்டுக்கொடுக்க வேண்டியதாயிற்று. கவனமில்லாமல் பழைய படத்தை ஒலிப் பிலிமில் பிரதி எடுத்தால் இடப்பக்கம் ஒரு துண்டு வெட்டுப்பட்டுப் போகும். மனிதர் பாதி, குடை பாதி என்று நிற்கும். உங்கள் பிரதியில் இடது ஓரத்தை ஒருமுறை பாருங்கள்.

ஈரமண் | திங்கள், காலை 9.03

ஐயா, காலையில் எழுந்ததும் இதைத்தான் படித்தேன். இடது ஓரம் சரியாக இருக்கிறது. ஆனால் நடப்பவர்கள் கொஞ்சம் துள்ளித்தான் நடக்கிறார்கள்.

ரீல்பெட்டி | திங்கள், காலை 9.20

அப்படியானால் பிளேயரில் வேகத்தை 0.75-இல் வைத்துப் பாருங்கள். 24-இல் முக்கால் 18. மழையைப் பார்த்து வேகம் சரியா என்று கண்டுபிடிக்க முடியாது, மழை எந்த வேகத்திலும் பெய்யும். தெருவில் நடப்பவர் காலைப் பாருங்கள். அதுதான் அளவுகோல்.

வடக்குவாசல் | திங்கள், பிற்பகல் 1.37

இந்த இழைக்காகத்தான் குழுவில் சேர்ந்தேன் என்று வைத்துக்கொள்ளுங்கள். என் கட்சி இது: 1927 அக்டோபரில் ‘ஜாஸ் சிங்கர்’ என்ற பேசும் படம் வெளியான அன்றே இந்த வகைக் குறும்படங்களுக்குச் சாவு மணி அடித்தாயிற்று. ஒலி வராமல் இருந்திருந்தால் இன்னும் இருபது வருடம் கேமரா இப்படியே சுதந்திரமாகத் திரிந்திருக்கும்.

இவன்ஸ் கையில் இருந்தது கினாமோ. எமானுவேல் கோல்ட்பெர்க் என்பவர் டிரெஸ்டனில் ‘இகா’ நிறுவனத்தில் வடிவமைத்த குட்டிக் கேமரா. 35 எம்எம் பிலிம்தான், ஆனால் 25 மீட்டர்தான் கொள்ளும். வினாடிக்கு 18 ஃபிரேம் என்று கணக்குப் போட்டால் ஒரு நிமிடத்துக்குச் சற்று மேல். ஸ்பிரிங்கை முறுக்கிவிட்டால் தானே ஓடும், கைப்பிடியைச் சுற்ற வேண்டாம், முக்காலி வேண்டாம். இவன்ஸின் தகப்பனார் கேமராக் கடை நடத்தியவர். மகனை ஜெர்மனிக்கு அனுப்பித் தொழில் படிக்க வைத்தார். கினாமோ செய்த அதே டிரெஸ்டன் ஆலையில் வேலை பழகியவர் இவர். கருவியின் உள்ளும் புறமும் தெரியும்.

‘மழை’ எடுத்த நாட்களில் ரப்பர் பூட்ஸும் மழைக் கோட்டுமாகவே திரிந்ததாகவும், கேமராவைக் கட்டிலுக்குப் பக்கத்திலேயே வைத்துக்கொண்டு தூங்கியதாகவும் தன் வரலாற்று நூலில் எழுதியிருக்கிறார். விழிக்கும்போது மழை பெய்தால் படுக்கையறை ஜன்னலையே எடுத்துவிடலாம் அல்லவா. அந்த 12 நிமிடத்துக்கு மாதக்கணக்கில் மழை சேர்த்தார்.

இப்போது ஒலி வந்த பிறகு கேமரா என்ன ஆனது என்று பாருங்கள். அது ஓடும் இரைச்சலை மைக் பிடித்துவிடும் என்று கேமராவையும் கேமராமேனையும் ஒரு அறைக்குள் போட்டு அடைத்துக் கண்ணாடி வழியாக எடுக்க வைத்தார்கள். கட்டில் ஓரத்தில் படுத்திருந்த கேமரா அது. அதற்குப் போய் ஒரு ஜெயில்.

இவர் மட்டுமா? ஓஸ்கார் ஃபிஷிங்கர் 1927-இல் ம்யூனிக்கிலிருந்து பெர்லினுக்கு நடந்தே போனார். வழியில் பார்த்த ஆட்கள், வயல்கள், வீடுகள், மேகங்கள் எல்லாவற்றையும் ஒவ்வொரு ஃபிரேமாக எடுத்துக்கொண்டே போனார். ஒரு நீண்ட நடை, சில நிமிடப் படம். ழான் விகோவும் போரிஸ் காஃப்மனும் நீஸ் நகரத்துக் கடற்கரைச் சாலையில் சக்கர நாற்காலியில் கேமராவை மறைத்து வைத்துப் பணக்காரர்களைப் படம் பிடித்தார்கள். ‘நீஸ் நகரைப் பற்றி’, 1930. மைக்கும் ஒயரும் இருந்தால் இதெல்லாம் நடக்குமா?

கல்தச்சன் | திங்கள், மாலை 5.55

வடக்குவாசல், கேமராவைப் பற்றி நீங்கள் சொன்னது அத்தனையும் சரி. தேதியில்தான் கோளாறு. 1927 அக்டோபரில் சாவு மணி என்றால் அதற்குப் பிறகு பிறந்தவற்றை எண்ணிப் பாருங்கள். இவன்ஸின் ‘பாலம்’ 1928. ஜெர்மேன் தியூலாக்கின் ‘சிப்பியும் பாதிரியும்’ 1928. மான் ரேயின் ‘நட்சத்திர மீன்’ 1928. ஹான்ஸ் ரிக்டரின் ‘காலைப் பேய்கள்’ 1928. ‘ஆண்டலூசிய நாய்’ 1929. லென் லையின் ‘துசாலவா’ 1929. ரால்ஃப் ஸ்டைனரின் ‘எச்டூஓ’ 1929. ‘மழை’ 1929. நீங்களே சொன்ன விகோவின் படம் 1930. மணி அடித்த பிறகுதான் விளைச்சலே வந்திருக்கிறது.

காரணம் எளிது. ஐரோப்பியக் கொட்டகைகளுக்கு ஒலிக் கருவி வந்து சேர 1929, 1930 ஆயிற்று. இடைப்பட்ட இரண்டு மூன்று வருடத்தில் பிலிமும் கேமராவும் முன்பைவிட எளிதாகக் கைக்குக் கிடைத்தன. பார்ப்பதற்கென்றே ஒரு கூட்டமும் சேர்ந்திருந்தது. லண்டனில் 1925-இல் ஃபிலிம் சொசைட்டி. ஆம்ஸ்டர்டாமில் 1927-இல் ஃபிலிம்லீகா. சோவியத் இயக்குநர் பூதோவ்கினின் ‘தாய்’ படத்தைத் திரையிட அனுமதிக்கவில்லை என்ற கோபத்தில் பிறந்த சங்கம் அது. பாரிஸில் ஸ்டூடியோ தெ உர்சுலின், ஸ்டூடியோ 28 என்று சின்னச் சின்னக் கொட்டகைகள்.

எவ்வளவு சல்லிசாக எடுக்க முடிந்தது என்பதற்கு ஹாலிவுட்டிலிருந்தே ஒரு சாட்சி. ‘9413: ஒரு ஹாலிவுட் துணை நடிகனின் வாழ்வும் சாவும்’, 1928. ராபர்ட் ஃப்ளோரேயும் ஸ்லாவ்கோ வோர்காபிச்சும் எடுத்தது. மொத்தச் செலவு 97 டாலர். பெரும்பகுதி பிலிமுக்கும் அதைக் கழுவிப் பிரிண்ட் போடவும் போயிற்று. நகரம் முழுக்க அட்டைப் பெட்டியும் தகரமும் விளையாட்டுச் சாமானும். சமையலறையில் வைத்து எடுத்தார்கள். கூட இருந்து ஒளிப்பதிவு செய்த இளைஞர் கிரெக் டோலண்ட். பதின்மூன்று வருடம் கழித்து ‘சிட்டிசன் கேன்’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர் அவர்தான்.

ஒலி வந்ததும் முதலில் செத்தது இந்த 97 டாலர் கணக்கு. ஒலிப்பதிவுக் கருவி வெஸ்டர்ன் எலெக்ட்ரிக், டோபிஸ்-கிளாங்ஃபிலிம் மாதிரி கம்பெனிகளின் காப்புரிமைக்குள் இருந்தது. சமையலறையில் நகரம் கட்டலாம். சமையலறையில் அன்றைக்கு ஒலிப்பதிவு செய்ய முடியாது. ஆகவே கொன்றது சத்தம் என்பதைவிடச் செலவு என்பேன்.

அப்புறம் இன்னொன்றையும் யாரும் சொல்வதில்லை. எடுத்தவர்களே மாறினார்கள். 1929 செப்டம்பரில் சுவிட்சர்லாந்தில் லா சராஸ் கோட்டையில் இந்தக் கலைஞர்கள் கூடினார்கள். ஐசன்ஸ்டைன் வந்தார், ரிக்டர் வந்தார், ருட்மான் வந்தார். அடுத்த மாதமே நியூயார்க்கில் பங்குச் சந்தை விழுந்தது. வேலையில்லாத் திண்டாட்டம் வந்தது. 1933-இல் இவன்ஸ், ஹென்றி ஸ்டோர்க்கோடு சேர்ந்து பெல்ஜியத்தில் போரினாஜ் சுரங்கத் தொழிலாளர்களைப் படம் எடுக்கப் போகிறார். ஒலி வந்து ஆண்டுகள் கழித்து எடுத்த அந்தப் படமும் மௌனம்தான், ஏனென்றால் காசில்லை. ஆனால் அது ‘மழை’ மாதிரிப் படம் இல்லை. வீட்டிலிருந்து தெருவுக்குத் துரத்தப்படும் தொழிலாளர் குடும்பங்கள் அதில் வரும். அதைப் பார்த்த மனிதனுக்கு ஜன்னல் கண்ணாடியில் ஊரும் சொட்டை எடுக்க மனம் வந்திருக்குமா?

வடக்குவாசல் | திங்கள், இரவு 8.11

தேதிகளை ஒப்புக்கொள்கிறேன், அண்ணா. என் தப்பு. ஆனால் கடைசிப் பத்தியை ஒப்ப மாட்டேன். மழைச் சொட்டை எடுத்த கை தெரிந்துகொண்ட பாடம்தான் போரினாஜிலும் இருக்கிறது. பொருட்களுக்கு மிக அருகே போவது, விளக்கம் சொல்லாமல் விடுவது. அதை அவர் விட்டுவிட்டார் என்று சொல்ல முடியாது. தொண்ணூறை நெருங்கும் வயதில், ஆஸ்துமாவோடு, சீனத்தில் போய் உட்கார்ந்து காற்றைப் படம் பிடிக்க முயன்றவர் அவர். 1988-இல் வந்தது அந்தக் கடைசிப் படம். மழையில் தொடங்கியவர் காற்றில் முடித்தார்.

கல்தச்சன் | திங்கள், இரவு 8.40

காற்றை மறந்துவிட்டேன். அந்த ஒரு படத்துக்காக என் கடைசிக் கேள்வியை வாபஸ் வாங்கிக்கொள்கிறேன். செலவு பற்றிய வாதம் நிற்கட்டும்.

புதுவரவு77 | திங்கள், இரவு 9.02

குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். இதில் ஒன்றைக்கூடப் பார்த்ததில்லை. எதில் தொடங்கட்டும்?

ரீல்பெட்டி | திங்கள், இரவு 9.10

‘மழை’யிலேயே தொடங்குங்கள், தம்பி. விளக்கை அணைத்துவிட்டு, போனை அடுத்த அறையில் வைத்துவிட்டு.

செம்பருத்தி | செவ்வாய், காலை 7.30

நான் இசை சொல்லிக் கொடுப்பவள். ஈரமண் கேட்ட கேள்வி எல்லோருடைய சண்டையிலும் எங்கேயோ போய்விட்டது. அதற்கு வருகிறேன்.

மௌனப் படத்தை யாரும் மௌனமாகப் பார்க்கவில்லை என்பது பெரும்பாலும் உண்மை. பியானோவோ, வயலினோ, வசதி இருந்தால் முழு வாத்தியக் குழுவோ இருக்கும். ஆனால் எந்த இசை என்பது கொட்டகைக்குக் கொட்டகை வேறு. 1929 ஜூனில் பாரிஸில் ‘ஆண்டலூசிய நாய்’ முதல்முறை திரையிட்டபோது அதை எடுத்த புனுவேல் திரைக்குப் பின்னால் கிராமபோனை வைத்துக்கொண்டு நின்றார். ஒரு தட்டு அர்ஜென்டினா டாங்கோ, இன்னொரு தட்டு வாக்னரின் ‘டிரிஸ்டான்’. இரண்டையும் மாற்றி மாற்றிப் போட்டார். கூட்டம் அடிக்க வந்தால் எறிவதற்குச் சட்டைப் பையில் கற்கள் வைத்திருந்தாராம். அம்மா கொடுத்த பணத்தில் எடுத்த படம், கலவரம் நடக்கும் என்று பயந்தார். கூட்டம் கை தட்டியது. நாம் இன்று கேட்கும் ஒலித்தடம் 1960-இல் அவர் சொல்லிச் சேர்த்தது, அதே டாங்கோவும் வாக்னரும்தான்.

‘மழை’க்கு வருவோம். 1932-இல் லூ லிக்ட்ஃபெல்ட் இதற்கு இசை அமைத்தார். சூரினாமில் பிறந்தவர், நாவலாசிரியரும்கூட. அதற்கு முந்தைய வருடம் பிலிப்ஸ் வானொலி ஆலையைப் பற்றி இவன்ஸ் எடுத்த ஒலிப்படத்துக்கும் அவர்தான் இசை. பிறகு 1941-இல், நாஜிகளிடமிருந்து தப்பி நியூயார்க் வந்திருந்த ஹான்ஸ் ஐஸ்லர், திரை இசை பற்றிய ஓர் ஆய்வுத் திட்டத்துக்காக இந்தப் படத்தையே எடுத்துக்கொண்டு ஒரு இசைக்கோவை எழுதினார். ‘மழையை விவரிக்கப் பதினான்கு வழிகள்’ என்று பெயர். புல்லாங்குழல், கிளாரினெட், வயலின், வியோலா, செல்லோ, பியானோ. தன் ஆசான் ஷோன்பெர்க்கின் எழுபதாவது பிறந்தநாளுக்கு அதைக் காணிக்கையாக்கினார்.

ஈரமண், ‘பதினான்கு வழிகள்’ என்ற அந்தப் பெயரைக் கவனித்தீர்களா? நீங்கள் பின்கட்டில் பதிவு செய்த சத்தம் எல்லாவற்றையும் ஒரே வாளியில் ஊற்றிவிட்டது என்றீர்களே, அதைத்தான் ஐஸ்லர் செய்யவில்லை. மழைச் சத்தத்தைப் போலி செய்வதோடு அவர் நிற்கவில்லை. சில இடங்களில் சொட்டுக்குச் சொட்டாக ஒட்டிப் போகிறது. சில இடங்களில் படம் வேகமாக இருக்கும்போது இசை தயங்குகிறது. நாம் ஒரே ராகத்தை எடுத்துக்கொண்டு அரை மணி நேரம் ஆலாபனை செய்வதில்லையா, ஒவ்வொரு சஞ்சாரத்திலும் ராகத்தின் வேறொரு முகம் தெரிவதில்லையா, அப்படிக் கேளுங்கள். முதல்முறை கரடுமுரடாகத்தான் இருக்கும். மூன்றாம் முறை திறக்கும்.

அதனால் என் கட்சி: சத்தமில்லாமல் பார்ப்பது தவறே இல்லை, ஆனால் ஐஸ்லரோடு ஒருமுறை பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

இன்னொரு படத்தையும் இங்கே வைக்கிறேன். தியூலாக் பெயர் மேலே ஒரு வரியில் வந்து போய்விட்டது. அந்தம்மாவை ‘சிப்பியும் பாதிரியும்’ படத்துக்காக மட்டும் நினைக்கிறார்கள். அதுவும் கதை எழுதிய ஆர்த்தோ கோபித்துக்கொண்ட சண்டைக்காகவும், பிரிட்டிஷ் தணிக்கைக் குழு ‘அர்த்தமே புரியவில்லை, அர்த்தம் ஏதாவது இருந்தால் அது ஆட்சேபத்துக்குரியதாகத்தான் இருக்கும்’ என்கிற தோரணையில் தடை போட்டதற்காகவும். 1928-இல் அவர் ‘இசைத்தட்டு 957’ என்று ஒன்று எடுத்தார். தலைப்பே ஒரு கிராமபோன் தட்டின் எண். ஷோபானின் பிரெலூடுகளை, அதாவது சின்னப் பியானோ உருப்படிகளை, கேட்டுப் பிறந்த காட்சிகள். தட்டு சுழல்கிறது, அதன் மேல் வெளிச்சம் வட்டம் வட்டமாக ஓடுகிறது. படத்தில் ஒலி கிடையாது. ஒரு இசைத்தட்டைக் காட்டிவிட்டு இசையைக் கொடுக்காமல் விடுகிறார்! என் மாணவிகளுக்கு இதைப் போட்டுக் காட்டிவிட்டு, என்ன தாளம் என்று கேட்டேன். நாலு பேர் தொடையில் தட்டிக் காட்டினார்கள். நாலும் ஒரே காலப்பிரமாணம்.

ஈரமண் | செவ்வாய், காலை 10.18

அக்கா, கடைசி இரண்டு வரிகளைப் படித்துவிட்டு வேலையே ஓடவில்லை. எடிட்டிங்கில் எங்களுக்குத் தெரிந்த விஷயம்தான் இது. பாட்டை நிறுத்திவிட்டுக் கட் பண்ணிப் பார்க்கச் சொல்வார் எனக்குத் தொழில் கற்றுக்கொடுத்தவர். ‘பாட்டு இல்லாமலே ஆடுதா பாரு, ஆடலைன்னா கட் தப்பு’ என்பார்.

கல்தச்சன் | செவ்வாய், முற்பகல் 11.45

ஈரமண் முதலில் எழுதியதற்கு ஒரு பழைய துணை உண்டு. ஷாட்டுக்கு ஷாட் வேறு மழை என்றீர்கள். ஹங்கேரியத் திரைக் கோட்பாட்டாளர் பேலா பலாஷ் 1930-இல் ஜெர்மன் மொழியில் வந்த தன் புத்தகத்தில் இவன்ஸின் படத்தைப் பற்றி ஏறக்குறைய இதையேதான் சொல்கிறார். நாம் பார்ப்பது ஏதோ ஒரு நாள், ஏதோ ஓர் இடத்தில் பெய்த குறிப்பிட்ட மழை அல்ல, இடமும் காலமும் அவற்றைக் கட்டிப் போடவில்லை என்று. மாதக்கணக்கில் சேர்த்த மழைகளை அடுக்கித்தான் இவன்ஸ் ஒரே மழை போலக் காட்டியிருக்கிறார். உங்கள் பின்கட்டு மழை ஒரு நாள் மழை. அதனால்தான் ஒட்டவில்லை.

‘பாலம்’ இதற்கு நேர் எதிர். ராட்டர்டாமில் கோனிங்ஸ்ஹாவன் துறை மேல் ‘டி ஹெஃப்’ என்ற ரயில் தூக்குப் பாலம், 1927-இல் புதிதாகத் திறந்தது. ரயில் வருகிறது, சிக்னலில் நிற்கிறது. நடுப்பகுதி அப்படியே கிடைமட்டமாக மேலே ஏறுகிறது, எதிர் எடைக் கற்கள் கீழே இறங்குகின்றன. கப்பல் போகிறது, பாலம் இறங்குகிறது, ரயில் கிளம்புகிறது. கம்பி வடம், சக்கரம், பல் சக்கரம் ஒன்று விடாமல் காட்டுவார். குறிப்பிட்ட ஒரே பாலம், குறிப்பிட்ட ஒரே வேலை. அதே மனிதர், அதே கேமரா, அடுத்தடுத்த வருடங்களில் இரண்டு படம். இரண்டையும் ஒரே மாலையில் பார்க்க வேண்டும்.

வடக்குவாசல் | செவ்வாய், பிற்பகல் 2.20

ஒலி எதிரி என்ற என் கட்சிக்கு நானே ஒரு ஓட்டையைக் காட்டிவிடுகிறேன். நேற்று இரவு ருட்மானின் ‘வீக்எண்ட்’ கேட்டேன். 1930. படமே இல்லாத படம். ஒலிப் பிலிமில் பெர்லின் நகரத்து வார இறுதியைப் பதிவு செய்து, பிலிமைக் கத்தரித்து ஒட்டி, திரையில் ஒன்றும் இல்லாமல் பதினோரு நிமிடம். சனிக்கிழமை வேலை முடிகிறது. டைப்ரைட்டர், ரம்பம், கடைக்காரர் பில் போடும் மெஷின், பிள்ளைகள் பாட்டு, கோயில் மணி, குறட்டை, மறுபடி திங்கட்கிழமைக் காலை. 1930 ஜூனில் பெர்லின் வானொலியில் ஒலிபரப்பினார்கள்.

1927-இல் பெர்லினை ஒரு முழு நீளப் படமாக எடுத்த அதே ஆள். அங்கே கண்ணுக்கு மட்டும் கொடுத்தார், இங்கே காதுக்கு மட்டும். ஒலி வந்ததும் பயந்து ஒதுங்காமல், அதையும் கத்தரிக்கோலோடு அணுகிய ஒருவர் இருந்திருக்கிறார். இந்த வழியில் இன்னும் பத்துப் பேர் நடந்திருந்தால் ஒலிப்பட வரலாறே வேறு மாதிரி இருந்திருக்கும் என்று எனக்கு இப்போது தோன்றுகிறது.

செம்பருத்தி | செவ்வாய், மாலை 4.05

நடந்தார்கள், ஆனால் அங்கும் கல்தச்சன் சொன்ன காசு வந்து நிற்கிறது. லென் லை ‘துசாலவா’வுக்கு இரண்டு வருடம் உட்கார்ந்து ஆயிரக்கணக்கில் படம் வரைந்தார். அடுத்து அவர் பேர் வாங்கிய ‘வண்ணப் பெட்டி’ 1935-இல் பிரிட்டிஷ் தபால் துறைக்காக. பிலிம் மேலேயே நேரடியாகச் சாயம் தீட்டியது, கியூபா நடன இசைக்கு. கடைசியில் பார்சல் கட்டணம் பற்றி ஒரு வரி வரும். ஃபிஷிங்கருக்குச் சிகரெட் விளம்பரம். தபால்காரரும் சிகரெட்காரரும் காசு கொடுத்ததால் நமக்கு இந்தப் படங்கள் கிடைத்தன. நான் அதைக் குறையாகச் சொல்லவில்லை.

குறையாகச் சொல்ல வேண்டியது வேறு. ரிக்டரின் ‘காலைப் பேய்கள்’ படத்துக்கு ஹிண்டமித் இசை எழுதியிருந்தார். தொப்பிகள் தலையை விட்டுப் பறக்கும், மனிதர்கள் துரத்துவார்கள், சாமான்கள் எல்லாம் மனிதனுக்கு அடங்க மாட்டேன் என்று கலகம் செய்யும். ஒலியோடு இருந்த பிரதியை நாஜிகள் ‘சீரழிந்த கலை’ என்று சொல்லி அழித்துவிட்டார்கள். இன்று அந்தப் படத்தை நாம் ஊமையாகவோ, பின்னால் யாரோ போட்ட இசையோடோதான் பார்க்கிறோம். ஈரமண் தானாக விரும்பி ம்யூட் செய்தார். அந்தப் படத்தை வேறு யாரோ ம்யூட் செய்தார்கள். நான் ஐஸ்லரைக் கேளுங்கள் என்று வற்புறுத்துவது அதனால்தான். அவரும் அதே கையிலிருந்து தப்பி வந்தவர், அவருடைய தாள் தப்பிவிட்டது.

புதுவரவு77 | செவ்வாய், இரவு 10.50

‘மழை’ பார்த்துவிட்டேன். மழை பெய்ய ஆரம்பிக்கும் முன்னால் துணியும் கொடியும் காற்றில் படபடக்கிற இடம்தான் எனக்கு ரொம்பப் பிடித்தது. மழையைவிட.

ரீல்பெட்டி | புதன், காலை 5.50

நல்ல கண் தம்பி உங்களுக்கு.

ஈரமண் | புதன், இரவு 11.30

நேற்று மூன்று விதமாகவும் பார்த்தேன். எழுதிவிடுகிறேன்.

முதலில் 0.75 வேகத்தில், சத்தமில்லாமல். ரீல்பெட்டி ஐயா சொன்ன வளையங்கள் தெரிந்தன. கால்வாயில் ஒரு படகின் ஓரம், அங்கே மழை லேசாக இருக்கும். ஒரு வளையம் விரிந்து படகுக் கட்டையில் மோதித் திரும்பி வருவதற்குள் இன்னொரு சொட்டு விழுகிறது. பழைய வேகத்தில் இதை நான் பார்த்ததே இல்லை. நடப்பவர்களின் துள்ளலும் போய்விட்டது. இன்னும் மெதுவாக்கினால் எல்லோரும் தண்ணீருக்குள் நடப்பதுபோல ஆகிறது. 0.8-தான் என் பிரதிக்குச் சரி என்று படுகிறது. ஐயா பார்த்துச் சொல்ல வேண்டும்.

இரண்டாவது, ஐஸ்லர். செம்பருத்தி அக்கா, முதல் இரண்டு நிமிடம் எழுந்து போய்விடலாம் போல இருந்தது. ஆனால் குடைகள் வரும் இடத்தில் பியானோவும் புல்லாங்குழலும் ஒன்றை ஒன்று முந்திக்கொண்டு போனபோது, ஒவ்வொரு குடையும் ஒவ்வொரு ஆளுடையது என்று முதல்முறையாகத் தோன்றியது. ம்யூட்டில் பார்த்தபோது அது குடைக் கூட்டமாக மட்டும் இருந்தது. இது எனக்குப் பெரிய விஷயம். மூன்றாம் முறை திறக்கும் என்றீர்கள், இன்னும் ஒருமுறைதான் கேட்டிருக்கிறேன்.

மூன்றாவது, பழையபடி முழு அமைதி, இந்த முறை 0.8-இல். மழை விட்டுச் சாலை வெளிச்சத்தில் மினுங்குகிற இடம் வந்தபோது ஒரு சந்தேகம் வந்து நிறுத்தினேன். வெளியே மழையா என்று ஜன்னலைத் திறந்து பார்த்தேன். இல்லை. சொட்டுச் சத்தம் மட்டும் காதில் இருந்தது, டைம்லைனில் ஆடியோ லேயரே வைக்கவில்லை.

எனக்கு இரண்டு மழையும் வேண்டும் போலிருக்கிறது. சண்டையில் எந்தக் கட்சியிலும் சேராததற்கு மன்னியுங்கள். நாளை ‘பாலம்’.

ரீல்பெட்டி | வியாழன், காலை 6.05

0.8 என்றால் வினாடிக்குப் பத்தொன்பது சொச்சம். ஸ்பிரிங் கேமராவுக்கு அது நடக்கக்கூடிய வேகம்தான். வைத்துக்கொள்ளுங்கள். ‘பாலம்’ பார்க்கும்போது ரயில் எஞ்சினின் புகையை வைத்து வேகம் பார்க்காதீர்கள், ஏமாற்றும். பாலத்து மேல் ஒரு ஆள் ஏணி ஏறுவார், அவர் காலைப் பாருங்கள்.